சாம்பிராணி போட்ட ஐஸ் பெட்டி

தம்பி மூர்த்தி மறுநாள் சாயங்காலம் வண்டியோடு வருவதாகச் சொல்லியிருந்தான். அதற்குள் ஐஸ் பெட்டியின் மீன் கவுச்சி போயாக வேண்டும். பொந்தியான் கடைத்தெருவில் அவன் திறக்கப்போகும் காப்பிக்கடைக்கு அதைத் தருவதாகப் புஷ்பவள்ளி வாக்குக் கொடுத்துவிட்டாள். கொடுத்த நாளிலிருந்து அவளுக்குச் சோறு இறங்கவில்லை. காரணத்தைச் சொன்னால் சிரிப்பார்கள். அந்தக் கவுச்சி அவள் புருஷன் மனோகரனுடையது. பாசார்ச் சந்தையில் மீன் விற்றவன், போன மழைக்காலத்தில் காய்ச்சலில் போய்விட்டான். சட்டை வேட்டியெல்லாம் வெளுத்துத் தானம் கொடுத்தாயிற்று. அவன் வாசம் மிச்சமிருந்தது இந்தப் பெட்டிக்குள் மட்டும்தான்.

அதற்காகச் சொன்ன சொல்லை மீற முடியுமா? பெட்டிக்குள் அடித்திருந்த தகரத்தைச் சாம்பல் போட்டுத் தேய்த்தாள், புளி போட்டுத் தேய்த்தாள். ஐஸ் தண்ணீர் வடியும் குழாயில் குச்சியை விட்டுக் குடைந்தபோது செதில் செதிலாக வந்தது. பிறகு ஒரு தட்டு நிறைய அடுப்புக்கரியை உள்ளே வைத்துக் கதவைச் சாத்தினாள். மறுநாள் திறந்து, தலையை உள்ளே விட்டு முகர்ந்தாள். ஒன்றுமே இல்லை. வெறும் தகரம். பாழாய்ப்போன கைக்கு இவ்வளவு சுத்தம் ஏன் என்று தன்னையே திட்டிக்கொண்டாள்.

அந்தப் பெட்டியைக் கல்யாணத்துக்கு முன்பே அவளுக்குத் தெரியும். அது உலு திராம் தோட்டத்துத் துரையின் பங்களாவில் இருந்தது. அவள் அப்பா அய்யாவு அங்கே சமையல்காரர். சிங்கப்பூருக்குப் போகும் ஜோகூர்ப் பாலம் திறந்த புதிது. மகள் கல்யாணத்துக்குச் சிங்கப்பூரிலிருந்து லாரியில் மாலை வரவழைத்திருந்தார், அவ்வளவு ஆசை. மாலையோ முதல் நாள் மத்தியானமே வந்துவிட்டது. வெயிலில் வாடுமே என்று, துரை ஊரில் இல்லாத தைரியத்தில், ஐஸ் பெட்டியைத் திறந்தார். உள்ளே ஆட்டுக்கறியும் சீஸும் நாறின. வீட்டில் தண்ணீர்ப் பானைக்குப் புகை போடுவதில்லையா? ஒரு கரண்டி நெருப்பில் சாம்பிராணியைத் தூவி உள்ளே வைத்து, கதவைச் சாத்தி நன்றாக ஊறவிட்டார். புண்ணுக்குப் புனுகு பூசின கதைதான். அதன்பிறகு ஐஸையும் மாலையையும் வைத்தார்.

காலையில் மாரியம்மன் கோயிலில் மாலையைக் கையில் வாங்கிய மாப்பிள்ளையின் அத்தை பேச்சியம்மாள் மூக்கைப் பொத்தினாள்.

"அலமாக்! இது கல்யாண மாலையா, எழவு வீட்டு மாலையா? சாம்பிராணியும் அழுகலுமா அடிக்குது! அபசகுனம். எந்திரிங்க, போலாம்!"

மேளம் நின்றது. அய்யாவு கையைப் பிசைந்துகொண்டு நின்றார். அப்பா முகத்தைப் பார்க்க முடியாமல் புஷ்பவள்ளி குனிந்துகொண்டாள். கல்யாணம் நின்றால் அவர் உயிரோடு இருக்கமாட்டார் என்று அவளுக்குத் தோன்றியது.

"மாலைய ஏன் அத்தை திட்டுறீங்க? வாசம் என் மேலருந்து வருது. மீன்காரன் மேல ரோசாப்பூவா மணக்கும்?"

மனோகரன்தான் பேசினான். கூட்டம் சிரித்துவிட்டது. அத்தைகூட வாயைப் பொத்திக்கொண்டாள். மாலை மாற்றும்போது அவன் அவள் காதருகே சொன்னான்:

"விடியக்காலைலருந்து சந்தனமாத் தேய்ச்சுக் குளிக்கிறேன், மீன் வாசம் போகலை. நீ மூஞ்சியச் சுளிப்பியோன்னு பயந்து கெடந்தேன். உங்கப்பா மாலையால காப்பாத்திட்டாரு லா."

ஊர் திரும்பிய துரைக்கு வெண்ணெயெல்லாம் கோயில் வாசம் அடித்தது. பெட்டியைத் தூக்கிப்போடச் சொன்னார். அது மருமகன் வீட்டுக்கு வந்து மீன் பெட்டியானது. குடும்பத்தில் சண்டை வரும்போதெல்லாம் மனோகரன் பெட்டிக் கதவைத் திறந்து, "வா, கல்யாண வாசம் பாரு" என்பான். கோபம் நிற்குமா?

வெளியே வண்டி வந்து நிற்கும் சத்தம் கேட்டது. புஷ்பவள்ளி எழுந்தாள். பாசாருக்குக் கொண்டுபோகும் மனோகரனின் பழைய மீன் சாக்கு கொல்லையில் வாசமற்றுக் காய்ந்து கிடந்தது. அதை எடுத்து நனைத்ததும் கவுச்சி கிளம்பியது; பெட்டிக்குள் திணித்தாள். பக்கத்தில் ஒரு கரண்டி நெருப்பை வைத்து, சாம்பிராணியைக் கை நிறைய அள்ளிப் போட்டுக் கதவைச் சாத்தினாள். மூர்த்தி வண்டியிலிருந்து கயிற்றை எடுத்துக்கொண்டு வருவதற்குள் புகை நன்றாக ஊறியிருந்தது.

அவன் கதவைத் திறந்தான். திறந்த வேகத்தில் பின்வாங்கினான்.

"என்னக்கா இது? இதுல பால் வச்சா எவன் குடிப்பான்?"

"நானும் என்னென்னமோ பண்ணிப் பார்த்துட்டேன் தம்பி. போகவே மாட்டேங்குது," என்றாள் புஷ்பவள்ளி. "இங்கேயே கெடக்கட்டும், விடு."