பதின்மூன்று அங்குலச் சில்லு

கிண்ணியாவில் ஒரு வீட்டார் கார் வாங்கப் போகிறார்கள் என்றால், எந்தக் கார் வாங்க வேண்டும் என்பது அந்த வீட்டாரைத் தவிர மற்ற எல்லோருக்கும் தெரிந்திருக்கும். ரிப்கா கார் வாங்கப் போகிறாள் என்ற கதை வெளியே வந்த அன்றைக்கே, மீன் வாங்கப் போன இடத்தில் ஒருவர் வெள்ளை நிறம்தான் நல்லது என்றார். பின்பக்கம் நீண்டிருந்தால்தான் அது கார், இல்லாவிட்டால் கதவு வைத்த ஓட்டோ என்று தையல்காரி தீர்ப்பே சொல்லிவிட்டாள். தையல்காரியிடம் ஒரு சைக்கிள்கூட இல்லை என்பது வேறு விஷயம்.

ரிப்கா எல்லோருக்கும் தலையாட்டினாள். நாற்பத்தொரு வயதில் யாருக்கு எவ்வளவு தலையாட்ட வேண்டும் என்று அவளுக்குத் தெரியும். அவளுக்கு வேலை திருகோணமலையில், ஓர்ஸ் ஹில் மேட்டில் ஒரு அரசாங்க அலுவலகத்தில். பன்னிரண்டு வருடமாகப் பஸ்ஸில் இடிபட்டுப் போய் இறங்கி, வெயிலில் ஏற்றம் ஏறி, வியர்வையோடு கையெழுத்து வைத்தவள். சாரதிப் பத்திரம் எடுத்தே நாலு வருடமாகிறது. அது அலுமாரிக்குள் சும்மா கிடந்தது.

அவள் பார்த்து வைத்திருந்த கார் திருகோணமலை டவுனில் ஒரு வீட்டு வாசலில் விற்பனைக்கு நின்றது. வெளிர் நீலம். எஞ்சின் அறுநூற்று அறுபது சீசீ, சில்லு பதின்மூன்று அங்குலம். குட்டிக் கார்தான். ஆனால் அவள் அந்தக் குட்டிக் காருக்கு ஆசைப்பட்டதற்குக் காரணம் மைமூனா.

மைமூனா அவளுடைய ராத்தா, கூடப் பிறந்த மூத்தவள். குறிஞ்சாக்கேணியில் இருக்கிறாள். மூன்று வருடத்துக்கு முன் தன் நகையை விற்று ஒரு கார் வாங்கினாள். வாங்குவதே வாங்குகிறோம், பெரிதாக வாங்குவோம் என்று ஆயிரத்தெண்ணூறு சீசீயில் ஒரு நீளக் கார். ஆறு மாதம் ராணிபோல ஓட்டினாள். பிறகு டயர் தேய்ந்தது. அவளுடைய தையல் வகுப்பு வருமானத்துக்கு டயர் எட்டவில்லை, புருஷன் ஹிஸ்புல்லா போட்டுக் கொடுத்தார். அடுத்து இன்சூரன்ஸ் வந்தது, அதையும் அவரே கட்டினார். அடுத்து எயார் கொண்டிஷன் கம்பிரசர். அதற்குப் பிறகு கார்த் திறப்பு, சாவிக் கொத்தோடு, எப்படியோ அவருடைய சேட்டுப் பையில் இருந்தது. யாரும் யாரிடமும் எதையும் பறிக்கவில்லை, சண்டையும் இல்லை, ஹிஸ்புல்லா தங்கமான மனிசர். ஆனால் இப்போது மைமூனா கிளினிக்குக்குப் போவதென்றால் முதல் நாளே சொல்லி வைக்க வேண்டும். போகும்போது பின் சீட்டில் இருப்பாள்.

ரிப்கா அதைப் பார்த்துப் பார்த்து நொந்தவள். காரை வாங்குகிறவள் சொந்தக்காரி இல்லை, அதற்கு டயர் மாற்றுகிறவர்தான் சொந்தக்காரர் என்று அவள் முடிவு கட்டியிருந்தாள். அதனால் தன் சம்பளத்தில், வீட்டுச் செலவு போக மிஞ்சுவதில், ஒரு ரூபாயும் யாரிடமும் கேட்காமல் ஓட்டக்கூடிய கார்தான் தனக்கு வேண்டும் என்று நின்றாள். அவளுக்கு வேண்டியிருந்தது அது ஒன்றுதான்.

மதியச் சாப்பாட்டு நேரத்தில், உள்துறைமுகப் பக்கம் கராஜ் வைத்திருக்கும் இரத்தினசிங்கத்திடம் போய் நிற்பாள். ஒயில் எத்தனை லீற்றர் பிடிக்கும், பற்றரி என்ன சைஸ், பிரேக் கட்டை எத்தனை வருடம் நிற்கும் என்று கேட்டுக் கேட்டு ஒரு கொப்பியில் எழுதினாள்.

"மிஸ், எல்லாரும் காரின்ர விலையைத்தான் கேப்பினம்" என்றார் இரத்தினசிங்கம், கையைத் துணியில் துடைத்தபடி. "நீங்கள் டயரின்ர விலையை எல்லோ கேக்கிறியள்."

"கார் ஒருதரம்தானே வாங்குறது, ஐயா. டயர் எத்தனை தரம்?"

அவர் சிரித்துவிட்டு விளக்கினார். சில்லு பெரிதானால் டயர் விலை தாவும். பதினாறு அங்குலத்தில் ஒன்று வாங்கும் காசுக்குப் பதின்மூன்றில் இரண்டு வாங்கலாம். எஞ்சின் பெரிதானால் ஒயிலும் கூட, பெற்றோலும் கூட. வண்டி கனத்தால் வருடா வருடம் எடுக்கிற வரிப் பத்திரமும் கூட. விலை கூடிய காருக்கு இன்சூரன்ஸும் கூட. "பெற்றோல் தட்டுப்பாட்டு நேரம் கியூஆர் காட்டி அடிச்சது ஞாபகம் இருக்கோ? பெரிய காருக்கும் சின்னக் காருக்கும் கிழமைக்கு ஒரே அளவுதானே தந்தவங்கள். பெரிய கார்க்காரர் புதன்கிழமையே கேற்றடியில நிப்பாட்டிட்டினம். குட்டிக் கார் கிழமை முழுக்க ஓடினது."

ரிப்கா அதையும் எழுதிக்கொண்டாள்.

காசு தயாராக இருந்தது. பத்து வருடச் சீட்டுக் காசும், உம்மா மௌத்தான பிறகு பங்காக வந்த வயல் துண்டை விற்ற காசும். இனிக் காரைப் பேசி முடிக்க வேண்டும். அங்கேதான் வந்தது வில்லங்கம். காரைப் பேசி முடிப்பது ஆம்பிளைகளின் வேலை. பெண் பார்க்கிற மாதிரி நாலு பேர் போய், போனற்றைத் திறந்து, எஞ்சினைப் பார்த்து உதட்டைப் பிதுக்கி, பிளேன்ரீ குடித்து, விலையைக் குறைத்துக்கொண்டு வருவார்கள். ரிப்காவும் அந்த ஊர்க்காரிதானே. அவளுடைய அண்ணன், ஜவ்பர் காக்கா, கிண்ணியாவில் இரும்புக் கடை வைத்திருப்பவர், "நீ ஏன் புள்ள அலையிற, நான் முடிச்சிட்டு வாறன்" என்றதும் நம்பிக் காசை ஒப்படைத்துவிட்டாள். கணக்கெல்லாம் பார்த்தவள் சறுக்கியது அந்த இடத்தில்தான்.

ஞாயிற்றுக்கிழமை அஸர் தொழுகைக்குப் பிறகு வாசலில் ஹோர்ன் சத்தம் கேட்டது. பிள்ளைகள் ஓடினார்கள். புருஷன் நஸ்ரி சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு ஓடினான். ரிப்கா முக்காட்டைச் சரிசெய்துகொண்டு வெளியே வந்தாள்.

வெள்ளைக் கார். நீண்ட முகம். ஆயிரத்தைந்நூறு சீசீ, பதினாறு அங்குலச் சில்லு. ஜவ்பர் மாப்பிள்ளை மாதிரி இறங்கினார்.

"எப்பிடி?" என்றார். பல்லெல்லாம் தெரிந்தது.

"காக்கா, நீலக் கார்?"

"அதுவா? போய்ப் பாத்தன் புள்ள. அதுக்குள்ள நான் இருந்தா முழங்கால் காதுல முட்டுது. என்ட தங்கச்சி அந்தத் தீப்பெட்டிக்குள்ள போறதா? ஊர் என்ன கதைக்கும்? மிச்சக் காசு நான் போட்டன். ஒரு சதமும் திருப்பித் தரத் தேவல்ல." குரல் திடீரென்று தணிந்தது. "உம்மாட வயல்ல எனக்கு ரெண்டு பங்கு வந்த, உனக்கு ஒண்டு. மார்க்கச் சட்டம் அதுதான். எண்டாலும் மனசு கேக்கல்ல."

அவருடைய கண் கலங்கியதைக் கண்டபின் ரிப்காவால் என்ன சொல்ல முடியும்? ஏறினாள். தெரு முழுக்கப் பார்க்க ஒரு சுற்று ஓட்டினாள். ஒழுங்கை முடுக்கில் திருப்ப முடியாமல் மூன்று தரம் பின்னுக்கு எடுத்தாள். ஒவ்வொரு தரமும் ஒழுங்கையே கூடி நின்று வழி சொன்னது. அவள் சிரித்த முகத்தோடுதான் இருந்தாள், ஆனால் இறங்கியதும் முதலில் டயரைத்தான் பார்த்தாள்.

கார் நல்ல கார், குறை சொல்ல முடியாது. ஏற்றத்தில் முக்காமல் ஏறியது, அலுவலக வாசலில் காவலாளி எழுந்தே நின்றான். ஆனால் போக வர நாற்பது கிலோமீற்றர், அதைக் கிழமைக்கு ஐந்து நாள் ஓடியபோது பெற்றோல் முள் அவள் கண் முன்னாலேயே இறங்கியது. மாதத்தின் இருபதாம் தேதி அவள் பஸ்ஸில் போனாள். கார் வாசலில் நிற்க, அவள் பஸ்ஸில்.

இரண்டாம் மாதம் இரத்தினசிங்கம் குனிந்து டயரைத் தடவிப் பார்த்தார். "முந்தின ஆள் ஓடின டயர், நாலும் முடிஞ்சு போச்சு, மிஸ். மாரி தொடங்க முதல் மாத்த வேணும். இதோட ஓடக் கூடாது." விலையை அவர் சொல்லவில்லை. அவளுக்குத்தான் தெரியுமே.

அன்றிரவு சாப்பாட்டில் நஸ்ரியிடம் சொன்னாள். நஸ்ரி நெல் வியாபாரம் செய்கிறவன், கை தாராளம், மனமும் தாராளம். "இதுக்கா மூஞ்சியைத் தொங்கப் போட்ட? நான் போட்டுத் தாறன்" என்றான். காலையில் அவள் வெளிக்கிட முன்னமே திறப்பை எடுத்துச் சேட்டுப் பைக்குள் போட்டான். "இண்டைக்கு நீ பஸ்ஸில போ. டயர் போட்டுட்டு அப்பிடியே முள்ளிப்பொத்தானைக்கும் ஒருக்காப் போயிட்டு வாறன், நெல் பார்க்க."

ரிப்கா அந்தப் பையையே பார்த்துக்கொண்டு நின்றாள். கோபம் வரவில்லை, பயம் வந்தது. ராத்தாவின் வீட்டிலும் இப்படி ஒரு நல்ல மனிசர், இப்படி ஒரு காலை நேரம் இருந்திருக்கும். "டயர் போட வேணாம்" என்றாள். "திறப்பைத் தாங்க."

"ஏன்?"

"காக்காட்டப் போகணும்."

அவளுடைய முகத்தைப் பார்த்த நஸ்ரி மறு பேச்சில்லாமல் கொடுத்தான்.

அலுவலகத்துக்கு அரை நாள் லீவு சொல்லிவிட்டு, மெதுவாக ஓட்டிக்கொண்டு போய் இரும்புக் கடை வாசலில் நிறுத்தினாள். ஜவ்பர் ஆணி நிறுத்துக்கொண்டிருந்தார். அவள் திறப்பை மேசையில் வைத்தாள்.

"காக்கா, இது உங்கட கார்."

"என்ன புள்ள சொல்ற?"

"டயர் முடிஞ்சிட்டு. அடுத்த மாதம் இன்சூரன்ஸ். என்ட சம்பளத்தில ஏலாது."

"இதுக்கா இவ்வளவு? டயர் நான் போடுறன்."

"அடுத்த டயர்?"

"அதுவும் போடுறன்."

"பெற்றோல்?"

ஜவ்பர் தராசிலிருந்து ஆணியைக் கொட்டினார். முகம் சுருங்கிவிட்டது. "நான் ஆசையாத் தந்தது உனக்குப் பாரமாப் போயிட்டு, என்ன?"

"நீங்க தந்தது பாரமில்ல. அது தின்றதுதான் பாரம்." அவளுக்கு அழுகை வந்தது, அடக்கவில்லை. "மைமூனா ராத்தா கடைசியா எப்ப கார் ஓட்டின, காக்கா? சொல்லுங்க பாப்பம்."

ஜவ்பர் யோசித்தார். நோன்புப் பெருநாளா, அதற்கு முந்திய பெருநாளா? எந்தப் பெருநாளிலும் அவளைப் பின் சீட்டில்தான் கண்ட ஞாபகம்.

"எனக்கு ஊர் எழும்பி நிக்கிற கார் வேணாம்" என்றாள் ரிப்கா. "நினைச்ச நேரம் நானே எடுத்துக்கொண்டு போற கார் ஒண்டு வேணும். அவ்வளவுதான்."

கடையில் இரண்டு வாடிக்கையாளர்கள் ஆணியை மறந்து கதை கேட்டுக்கொண்டிருந்தார்கள். ஜவ்பர் அவர்களை ஒரு பார்வை பார்த்தார். பிறகு திறப்பை எடுத்து மேசை லாச்சிக்குள் போட்டார். "உன்ட காசு உனக்கு வரும்" என்றார். கொஞ்சம் கோபத்தோடுதான் சொன்னார். ஒரு கிழமை முகம் கொடுத்துப் பேசவுமில்லை. ஆனால் வெள்ளைக் காரை விற்று, எட்டாம் நாள் காசைச் சதம் குறையாமல் அனுப்பினார். ஒன்பதாம் நாள் அவரே வந்தார்.

"எப்ப கார் பாக்கப் போற?"

"நாளைக்கு. நானே போறன்."

"போ, போ. நான் சும்மா கூட வாறன். வாயே திறக்கமாட்டன்."

நீலக் கார் எப்போதோ விலைப்பட்டிருந்தது. இரத்தினசிங்கம் வேறொன்று கண்டுபிடித்து வைத்திருந்தார். அதே எஞ்சின், அதே அளவுச் சில்லு, நிறம் மட்டும் ஒரு மாதிரியான மஞ்சள். காரை விற்கிற மனிசர் போனற்றைத் திறந்துவிட்டு ஜவ்பரின் பக்கம் திரும்பினார். "பாருங்கோ முதலாளி, எஞ்சின் எவ்வளவு துப்பரவு."

ஜவ்பர் வானத்தைப் பார்த்தார்.

"முதலாளி, கிலோமீற்றரும் குறைவு."

"என்னோட கதைக்காதீங்க" என்றார் ஜவ்பர். "நான் சும்மா கூட வந்த ஆள். கார் வாங்குறது அவ."

ரிப்கா குனிந்து முதலில் டயரைப் பார்த்தாள். பிறகுதான் எஞ்சினைப் பார்த்தாள். பிறகு விலையைப் பேசி, ஜவ்பர் குறைத்திருக்கக் கூடியதைவிடக் கொஞ்சம் கூடவே குறைத்தாள். அதைக் கேட்டு அவருக்குப் பொறுக்கவில்லை, ஆனால் சொன்ன சொல்லைக் காப்பாற்றினார்.

வீட்டுக்குத் திரும்பும் வழியில் பெற்றோல் செட்டில் நிறுத்தினாள். முன் சீட்டில் முழங்காலை மடக்கி, தலையைச் சரித்து, ஜவ்பர் ஒரு மாதிரி ஒடுங்கி இருந்தார். பையன் குழாயோடு வந்ததும் அவருடைய கை தானாகச் சேட்டுப் பைக்குப் போனது. ரிப்கா திரும்பி ஒரு பார்வை பார்த்தாள். கை வெறுமையாகத் திரும்பி வந்து முழங்காலில் அமர்ந்தது.

"நிரப்புங்க" என்றாள் ரிப்கா.

மீற்றர் ஓடி நின்றது. ஜவ்பர் கண்ணாடி வழியாக எட்டிப் பார்த்தார். "இவ்வளவுதானா?"

"அதுதான் முழுத் தாங்கி." அவள் தன் கைப்பையைத் திறந்து காசை எண்ணிக் கொடுத்தாள்.

கிண்ணியாப் பாலத்தில் ஏறினார்கள். காற்று நன்றாக அடித்தது. குட்டிக் கார் கொஞ்சம் இரைந்தபடி ஓடியது. பாலத்தின் நடுவில் ஜவ்பர் மெல்லக் கேட்டார்.

"நாளைக்கு டவுன்ல எனக்கு ஒரு வேலை இருக்கு, புள்ள. நீ போகக்குள்ள என்னையும் ஏத்திக்கொண்டு போவியா?"

ரிப்கா ரோட்டை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை.

"ஏழரைக்கு வெளிக்கிடுவன்" என்றாள். "பிந்தினா நிக்கமாட்டன்."