சபை கலைந்தது

"3 நவம்பர் 2025, திங்கள். நேற்று ஒரு சிறு தவறு செய்தேன். பதிவேட்டின் கடைசி வரியில் 'முகாம் தொடர்கிறது' என்று எழுதுவதற்குப் பதிலாக 'சபை கலைந்தது' என்று எழுதிவிட்டேன். இதைச் சிறு தவறு என்று சொல்லலாமா என்று தெரியவில்லை. 'எழுதுவதற்குப்' என்பதில் ப் வருமா என்றும் கேட்க வேண்டும்."

அலுவலக மேஜையில் சாப்பாட்டு டப்பாவை ஓரமாகத் தள்ளிவிட்டு மதுமதி இதை எழுதினாள். புசா ரோட்டில் நடக்கும் மாலைத் தமிழ் வகுப்பில், தினமும் ஒரு பக்கம் நாட்குறிப்பு எழுதி வரச் சொல்லியிருந்தார்கள். டெல்லியில் பிறந்து, ஹிந்தியில் சண்டை போட்டு, ஆங்கிலத்தில் பரீட்சை எழுதி வளர்ந்த பெண். இருபத்து நாலு வயதில் அவள் தமிழ் எழுதப் பழகுவதற்குக் காரணம் இருந்தது. போன வருடம் அப்பா இறந்ததும் அவள் ஏழாத்தூர் சமஸ்தானத்தின் ராயசம் ஆகிவிட்டாள். ராயசம் என்றால் அரசரின் எழுத்தர். பரம்பரைப் பதவி, வேண்டாம் என்று சொல்ல வழியில்லை.

சமஸ்தானம் என்றதும் யானை, கோட்டை என்று நினைத்துக்கொள்ள வேண்டாம். அது மயூர் விஹாரில் ஒரு கூட்டுறவுக் குடியிருப்பின் மூன்றாம் மாடியில் இருந்தது. தெற்கே ஏழாத்தூர் என்ற சின்னப் பாளையத்தின் அரசரை, விந்திய மலைக்கு அந்தப் பக்கம் கால் வைக்கக் கூடாது என்று நூறு வருடத்துக்கு முன்னால் வெள்ளைக்காரன் உத்தரவு போட்டு விரட்டினான். அவர் டெல்லிக்கு வந்தார். கூடவே நாலு குடும்பங்களும் வந்தன. சுதந்திரம் வந்ததும் உத்தரவு செல்லாக்காசாகிவிட்டது. ஆனால் அதற்குள் டெல்லியில் கூடிய சபை தானாகவே ஒரு தீர்மானம் போட்டிருந்தது. ஊர் மரியாதையோடு அழைத்தால்தான் சபை தெற்கே திரும்பும். சபை திரும்பாமல் அரசர் திரும்ப மாட்டார். அழைக்க வேண்டிய ஊருக்கு இப்படியொரு தீர்மானம் இருப்பதே தெரியாது.

இப்போதைய அரசர் இராஜமாணிக்கம், ஓய்வுபெற்ற செக்‌ஷன் ஆபீசர். ஆர்.கே.புரம் குவார்ட்டர்ஸில் இருந்த காலத்தில், மே மாதம் வந்தால் தமிழ்க் குடும்பங்கள் எல்லாம் பெட்டி கட்டிக்கொண்டு ஊருக்குக் கிளம்பும். இவர் மட்டும் சிம்லா போவார், டார்ஜிலிங் போவார். தெற்கே போபாலைத் தாண்டியதில்லை. மனைவி அபிராமி கரூருக்குத் தாய்வீடு போகும்போது நிஜாமுதீன் ஸ்டேஷன் வரை வந்து கையசைப்பார், அவ்வளவுதான்.

மாதத்தின் முதல் ஞாயிறு பதினோரு மணிக்குச் சபை. கை கிழிந்த சோபாவின் மேல் சிவப்புப் பட்டு விரித்து அரசர் அமர்வார். தளவாய் கௌதமன், அதாவது படைத்தலைவர், "சபை கூடியது" என்று கட்டியம் கூறுவார். அந்த நேரம் பார்த்துக் குக்கர் விசிலடிக்கும். பிறகு வாசல் சொல்லுதல். குதிரை வாசல், நெல் வாசல், பூ வாசல் என்று அரண்மனையின் ஏழு வாசல்களையும் எல்லோரும் சேர்ந்து சொல்வார்கள். மதுமதிக்கு நாலு வயதில் அப்பா மடியில் உட்கார்ந்து சொன்னது இன்னும் காதில் இருக்கிறது. ஏழாவது வாசல் வரும்போது அப்பாவின் குரல் கொஞ்சம் தணியும். அவரும் அந்த வாசல்களைப் பார்த்ததில்லை. அங்கே இருக்கும் யாருமே பார்த்ததில்லை.

அதன்பின் மனுக்கள், பிறப்பு இறப்புச் செய்திகள், டீ குடித்தால் "அரசர் சாய் அமுது செய்தருளினார்." எல்லாம் பதிவேட்டில் ஏறும். கடைசி வரி மட்டும் மாறவே கூடாது: முகாம் தொடர்கிறது. அதாவது, டெல்லியில் இருப்பது தற்காலிகத் தங்கல்தான்.

போன வாரம் வகுப்பில் கூட்டக் குறிப்பு எழுதச் சொல்லிக் கொடுத்தார்கள். கூட்டம் முடிந்தால் கலைந்தது என்று எழுத வேண்டும். புதிதாகக் கற்ற சொல்லைப் பயன்படுத்திய சந்தோஷத்தில் மதுமதி வரியை முடித்தாள். அரசர் கையெழுத்தும் போட்டுவிட்டார். தளவாய் வழக்கம்போலப் பக்கத்தைப் போனில் படமெடுத்துக்கொண்டு போனவர், இன்று காலை ஏழு மணிக்குக் கூப்பிட்டு, "என்னம்மா எழுதி வச்சிருக்கே?" என்றார்.

பதிவேட்டில் எழுதியதை அடிக்கக் கூடாது. ராயசம் தன் கையால் துண்டுச் சீட்டில் திருத்தம் எழுதி ஒட்டலாம். அதையும் மறுநாள் விளக்கு வைப்பதற்குள் செய்துவிட வேண்டும். தவறினால் எழுதியது எழுதியதுதான், சபை நிரந்தரமாகக் கலைந்ததாகிவிடும். வகுப்பை விட்டுவிட்டு, அலுவலகத்தில் சீக்கிரம் கிளம்புவதாகச் சொல்லிவிட்டு, மெட்ரோ பிடித்து அவள் போய்ச் சேர்ந்தபோது மணி ஐந்தேகால்.

கதவைத் திறந்தவர் கௌதமன்.

"வாம்மா. ஒரே வரியில சமஸ்தானத்தையே முடிச்சவ. வெள்ளைக்காரனாலயே முடியல."

"மாமா, தெரியாம…"

"சீட்டு, பசை, பேனா எல்லாம் எடுத்து வச்சாச்சு. ஜல்தி எழுது. உங்க பெரியம்மா விளக்கேத்த இன்னும் இருபது நிமிஷம்."

"முதல்ல தண்ணி குடிக்கட்டும்டா," என்றார் இராஜமாணிக்கம். சபை இல்லாத நாளில் அவர்கள் இருவரும் ஒரே பள்ளிக்கூடத்தில் படித்தவர்கள்.

மதுமதி சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்தாள். 'பிழை' என்று எழுதினாள். ழை சரிதானா என்று ஒரு முறை பார்த்தாள். பிறகு மனசு கேட்கவில்லை.

"பெரியப்பா, கையெழுத்துப் போடறதுக்கு முன்னாடி நான் உங்ககிட்ட படிச்சுக் காட்டியிருக்கணும். நீங்க படிச்சிருந்தா அப்பவே…"

"படிச்சேன்."

கௌதமன் பசைப் பாட்டிலை மேஜையில் வைத்தார். "என்ன?"

"படிக்காம கையெழுத்துப் போட நான் என்ன மந்திரியா? முப்பத்தாறு வருஷம் ஃபைல் பார்த்தவன்டா."

"படிச்சிட்டா போட்டே?"

இராஜமாணிக்கம் கையிலிருந்த நியூஸ் பேப்பரை மடித்து முழங்காலில் வைத்துக்கொண்டார். "கௌதமா, ஏழாத்தூர் அரண்மனைச் சுவர் என்ன நிறம்?"

கௌதமன் பதிவேட்டு அலமாரியைத் திரும்பிப் பார்த்தார்.

"எனக்கும் தெரியாது. அலமாரி நிறையப் பதிவேடு இருக்கு. வாசல் ஏழு, கிணத்துக்குப் படி இருபத்தேழு, மணி எத்தனை முறை அடிக்கணும், எல்லாம் இருக்கு. நிறம் மட்டும் எங்கயும் இல்ல. அன்னிக்கு எல்லாருக்கும் தெரிஞ்ச விஷயம், அதனால யாரும் எழுதல."

"போன்ல பாரு."

"பார்த்தேன். அரண்மனை வாசல்ல ஒரு வாக்குச்சாவடிப் பலகை, அதுக்குப் பின்னால சுவர்ல சர்க்கார் மஞ்சள் பெயிண்ட். அதுக்கு அடியில என்ன இருக்குன்னு போன் சொல்லாது." முழங்காலைத் தட்டிக் காட்டினார். "இது இன்னும் ரெண்டு வருஷம் படி ஏறும்னு டாக்டர் சொல்லிட்டார். ராஜா போகக் கூடாது, சரி. சபை கலைஞ்சா ராஜா இல்ல. இராஜமாணிக்கம் போகலாம்ல?"

பூஜை அலமாரி முன்னால் எண்ணெய் ஊற்றிக்கொண்டிருந்த அபிராமி திரும்பிப் பார்க்காமலே சொன்னாள். "நாப்பத்தஞ்சு வருஷமா பிளாட்பாரத்துல கையசைக்கிறார். வண்டியில இருக்கிற பொம்பளைங்க, பாவம் உங்க வீட்டுக்காரருக்கு லீவே கிடைக்காதான்னு கேட்கிறாங்க. நான் என்னத்தச் சொல்ல? அவர் நாடு கடத்தப்பட்டவர்னா?"

கௌதமன் நாற்காலியை இழுத்து உட்கார்ந்தார். அவர் குரல் இறங்கியிருந்தது.

"நீ போய்ப் பார்த்துட்டு வந்துடுவே. அப்புறம் இங்க என்ன இருக்கும்? நான் பட்டாளத்துல ஸ்டோர்ல போர்வை எண்ணினவன்டா. மாசத்துல ஒரு நாள்தான் தளவாய்."

இராஜமாணிக்கம் மதுமதியைப் பார்த்தார்.

"பதிவேட்டுல என்ன எழுதணும்னு அரசன் ராயசத்துக்கு உத்தரவு போட முடியாது. உனக்கே தெரியும். இப்ப நான் கேட்டுக்கிறேன், அவ்வளவுதான். நீ எழுதினா நான் இங்கயே இருந்துக்கிறேன். கோபப்பட மாட்டேன்."

மதுமதி சீட்டைப் பார்த்தாள். 'பிழை' என்ற ஒரு சொல் மட்டும் இருந்தது. இன்னும் 'முகாம் தொடர்கிறது' என்ற இரண்டு சொற்கள் போட்டால் அடுத்த முதல் ஞாயிறு இருக்கும். சிவப்புப் பட்டு, குக்கர் விசில், ஏழு வாசல், தளவாய் மாமாவின் கட்டியம் எல்லாம் இருக்கும். அப்பா முப்பத்தொரு வருடம் மாதம் தவறாமல் அந்த வரியை எழுதினார். ஒரு தடவையாவது அவர் பேனா தயங்கியிருக்குமா? பதிவேட்டைப் புரட்டி அந்த வரிகளை மட்டும் வரிசையாகப் பார்த்தால் தெரியுமோ என்னவோ. அதற்கு இப்போது நேரமில்லை. ஜன்னலுக்கு வெளியே புகைமூட்டத்தில் சூரியன் ஆரஞ்சு வில்லை மாதிரி நின்றது. கீழே காவலாளி தெருவிளக்கின் சுவிட்சைத் தட்டினார்.

எழுதாமல் விடுவதும் தவறாக இருக்கலாம். எழுதினால், ஒரு மனிதரை அவர் வீட்டிலேயே முகாமில் உட்கார வைத்ததாகிவிடும். அவள் இரண்டையும் மனதுக்குள் இரண்டு பத்தியாகப் பிரித்துப் பார்த்தாள். எந்தப் பக்கமும் நிச்சயமாகவில்லை. நிச்சயமாகாது என்பது மட்டும் தெரிந்தது.

அபிராமி தீக்குச்சியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றாள். உரசவில்லை.

"மது, என்னடி?"

மதுமதி பேனாவை மூடினாள். "ஏத்துங்க பெரியம்மா."

திரி பற்றிக்கொண்டது. கௌதமன் எழுந்து பசைப் பாட்டிலைச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டார். வாசலில் செருப்பு மாட்டும்போது யாரிடமும் போயிட்டு வரேன் என்று சொல்லவில்லை. லிப்ட் கதவு மூடும் சத்தம் கேட்டது.

இராஜமாணிக்கம் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"மதுரை வரைக்கும் ரயில். அங்கிருந்து பஸ் இருக்குமாம். அவனுக்கும் சேர்த்து டிக்கெட் போடு."

"மாமா வருவாரா பெரியப்பா?"

"வருவான். வராட்டி நான் போய்க் கூட்டிட்டு வரேன். நீயும் வாயேன். நிறத்தை யாராவது எழுதணும்ல?"

"நான் இப்ப ராயசம் இல்லையே."

"வகுப்புக்கு தினம் ஒரு பக்கம் எழுதணும்னு புலம்புவியே. அதுல எழுது."

அபிராமி சாய் கொண்டுவந்து வைத்தாள். இராஜமாணிக்கம் டம்ளரை எடுத்து ஊதி, ஒரு வாய் குடித்தார். சர்க்கரை போதவில்லை என்றார். யாரும் அதைக் குறித்துக்கொள்ளவில்லை. மதுமதியின் விரல் பழக்கத்தில் பேனாவைத் தேடியது. பிறகு அவளும் தன் டம்ளரை எடுத்துக்கொண்டாள்.

திரும்பும்போது மெட்ரோவில் உட்கார இடம் கிடைத்தது. பையிலிருந்து நாட்குறிப்பை எடுத்து, மதியம் எழுதிய பக்கத்தின் அடியில் எழுதினாள்:

"நாளை: தளவாய் மாமாவிடம் அவருடைய வயதைக் கேட்க வேண்டும். காலை எட்டு மணிக்கு முன்பதிவு திறந்ததும் நிஜாமுதீன்–மதுரை, நாலு பேருக்கு டிக்கெட். மூன்று பேருக்குக் கீழ் பெர்த்."