எலிசபெத் பார்த்த உப்பு

பென்னி கறியை மெஷினில் போட்டு அரைக்க விடமாட்டான். பன்றியின் தோள்பட்டைக் கறி மூன்று கிலோ, அதில் கால் பங்கு கொழுப்பு. எல்லாவற்றையும் கத்தியால்தான் கொத்துவான். புளிய மரக்கட்டைமேல் கத்தி விழுகிற சத்தம் காலையிலிருந்து ஓயவில்லை. அவன் மனைவி எலிசபெத் வினிகரில் ஊறிய காய்ந்த மிளகாயைப் பூண்டு, சீரகம், கிராம்பு, பட்டையோடு மிக்ஸியில் அரைத்தாள். பீட்சாக் கடையில் வேலை பார்க்கும் பக்கத்து வீட்டுப் பெண்ணிடம் கேட்டு வாங்கிய ஆரிகானோப் பொட்டலங்களைப் பல்லால் கிழித்துக் கிழித்து விழுதில் கொட்டினாள்.

இதற்குச் சொரீசோ என்று பெயர். மெக்சிகோக்காரர்கள் சாப்பிடும் காரமான கறிக்குழல். உல்லாசக் கப்பலின் சமையலறையில் எட்டு வருஷம் இதைச் செய்தவன் பென்னி. அந்தக் கப்பலில்தான் அவனுக்குக் காய்ச்சல் கண்டது. இருபது நாள் அறைக்குள் பூட்டி வைத்துத் திறந்துவிட்டபோது மூக்கும் நாக்கும் செத்துப் போயிருந்தன. கெட்டுப்போன மீனும் புது மீனும் அவனுக்கு ஒன்றுதான். வேலைக்குத் தகுதியில்லை என்று ஒரு காகிதத்தை நீட்டி இறக்கிவிட்டார்கள். வேலை செய்த இடத்தில் வந்த நோய்தானே என்று கேட்கப் போன் செய்தால், கப்பலுக்கு அனுப்பிய ஏஜெண்டு எடுப்பதே இல்லை. நாலு வருஷம் ஆகிவிட்டது. சித்தூரில் அதற்குப் பிறகு எந்த ஓட்டலிலும் ஒரு மாதத்துக்கு மேல் அவனால் நிற்க முடியவில்லை.

இப்போது ஒரு வழி திறந்திருந்தது. சத்தியவேடு பக்கத்துத் தொழிற்சாலை ஒன்றுக்கு மெக்சிகோவிலிருந்து இன்ஜினியர்கள் வந்திருந்தார்கள். அவர்கள் தங்கும் கெஸ்ட் ஹவுஸுக்கு அவர்கள் ஊர்ச் சமையல் தெரிந்த ஆள் வேண்டும். "சொரீசோ செஞ்சு எடுத்துக்கினு வா. நல்லா இருந்தா ஒனக்குத்தான் வேலை" என்று மேனேஜர் சுரேஷ்பாபு போனில் சொல்லியிருந்தார். நாக்கு விஷயத்தைப் பென்னி சொல்லவில்லை. சொன்னால் யார் கூப்பிடுவார்கள்?

அவன் விழுதைக் கறியில் கொட்டி, முழங்கைவரை சிவக்கச் சிவக்கப் பிசைந்தான். உப்பைக் கைக்கணக்கில் போட்டிருந்தான். கொஞ்சம் வறுத்துக் கொடுத்து, எலிசபெத்தின் நாக்கு சொன்னால் மேலும் போடுவது வழக்கம்.

"எலிசு, இந்தா. உப்பு பாரு."

சுடச்சுட ஒரு சின்ன உருண்டையை அவள் கையில் வைத்தான். லெந்து என்னும் நோன்பு நாட்கள் தொடங்கிய சாம்பல் புதனன்று, சர்ச்சில் முழங்கால் போட்டு, 'இவருக்கு இந்த வேலை கிடைக்கட்டும், ஈஸ்டர் வரைக்கும் கவிச்சி தொடமாட்டேன் ஆண்டவரே' என்று நேர்ந்துகொண்டிருந்தாள். அவனிடம் சொல்லவில்லை. சொன்னால் திட்டித் தின்ன வைத்துவிடுவான். எந்த வேலைக்காக நேர்ந்தாளோ அந்த வேலைக்காகவே நேர்ச்சையை முறிப்பதா? போன மாதம் இரண்டு தடவை செய்தபோது சரியாகத்தானே இருந்தது, கையும் அதே கைதானே என்று தனக்குத்தானே சமாதானம் சொல்லிக்கொண்டாள். சுவர்ப் பக்கம் திரும்பி, உருண்டையை நன்றாக மோந்து பார்த்து, முந்தானையில் முடிந்துகொண்டாள்.

"சரியா கீதுங்க."

"இன்னும் கொஞ்சம் போடட்டா?"

"வாணாம். போதும்."

பிறகு இருவருமாக உட்கார்ந்து, சுத்தம் செய்த குடலில் கறியை அடைத்து, நாலு விரற்கடைக்கு ஒரு முடிச்சாக நூலால் கட்டினார்கள். கட்டி முடித்ததும் பென்னி மாலையைப்போல் தூக்கிப் பிடித்துச் சிரித்தான். அவன் சிரித்துப் பார்த்து எத்தனை நாளாகிறது என்று அவள் நினைத்தாள்.

மறுநாள் தெர்மாகோல் பெட்டியில் ஐஸ் போட்டு, திருப்பதியில் பஸ் மாறி, பத்து மணிக்குப் போய்ச் சேர்ந்தார்கள். கேட்டில் இருவரின் போனையும் வாங்கி வைத்துக்கொண்டார்கள். பென்னி சமையலறைக்குள் போய் ஏப்ரன் கட்டிக்கொண்டு வறுத்தான். எலிசபெத் பின்வாசலில் நின்றாள். சுரேஷ்பாபு ஒரு துண்டு எடுத்து மென்றார். மெல்வது நின்றது.

"நீ துன்னு பாத்தியா?"

"பாத்தேன் சார்."

"இப்பப் பாரு."

பென்னி வாயில் போட்டுக்கொண்டான். வழக்கம்போல் அவன் கண் எலிசபெத்தைத் தேடி வந்தது. அவள் பார்வையைத் தரைக்குத் தாழ்த்தினாள்.

"நல்லா இருக்கு சார்."

"ஏமய்யா, உப்பே லேது! சப்புன்னு கீது. இத நல்லா இருக்குன்ற?"

அவளுக்குப் பொறுக்கவில்லை. உள்ளே ஓடி வந்தாள்.

"சார், தப்பு எம்மேல சார். அவருக்கு ருசி தெரியாது, நான்தான் பாத்துச் சொல்லுவேன். லெந்து நாளுன்னு நான் வாயில வெக்கல. பொய் சொல்லிட்டேன் சார்."

அவனைக் காப்பாற்றத்தான் சொன்னாள். சொல்லி முடித்த பிறகுதான் என்ன சொல்லிவிட்டோம் என்பது அவளுக்கே உறைத்தது.

"ருசி தெரியாதவனா?" சுரேஷ்பாபு தட்டை வைத்தார். "கெட்டுப்போனதப் போட்டு நாளைக்கி அவங்களுக்கு எதுனா ஆச்சின்னா நான் ஜெயிலுக்குப் போவட்டா?"

பென்னி ஏப்ரனை அவிழ்த்து, நாலாக மடித்து மேடையில் வைத்தான்.

"கறி இங்கயே இருக்கட்டும். உப்பப் போட்டு முட்டையோட கிளறிடலாம்" என்று அங்கே ஏற்கெனவே வேலையிலிருந்த வெள்ளைத் தொப்பிச் சமையல்காரனிடம் சொன்ன மேனேஜர், அவள் பக்கம் திரும்பினார். "பாத்திரம் கழுவற அம்மா வேலைய உட்டுட்டாங்க. நீ செய்றியா? இன்னைக்கே நில்லு."

அவள் பென்னியைப் பார்த்தாள்.

"நில்லு" என்றான் அவன். "நான் வெளிய இருக்கறேன்."

மத்தியானம் தட்டுகள் திரும்பி வந்தன. ஒன்றில்கூட ஒரு துணுக்கு மிச்சமில்லை. சிவப்பு எண்ணெயைக்கூட ரொட்டியால் துடைத்துத் தின்றிருந்தார்கள். மீசைக்கார இன்ஜினியர் ஒருவர் சமையலறை வாசலுக்கே வந்து, காலித் தட்டைக் காட்டி, வெள்ளைத் தொப்பிக்காரனின் கையைப் பிடித்துக் குலுக்கினார். அவனும் சிரித்துத் தலையாட்டிக்கொண்டான்.

ஓடிப்போய் பென்னியிடம் சொல்ல வேண்டும்போல் இருந்தது எலிசபெத்துக்கு. ஈரக்கையோடு ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்தாள். கேட்டுக்கு வெளியே, மேனேஜர் கார் நிற்க வேண்டிய நிழல் அது என்று, செக்யூரிட்டி பென்னியை எழுப்பி வெயிலுக்கு நகர்த்திக்கொண்டிருந்தார்.