காப்பாற்ற வந்தவன்

ரொடியோன் சமையலறைக் குழாயைக் கழற்றிக்கொண்டிருந்தான். அவன் வாங்கி வந்த கேக், டப்பாவின் கயிறுகூட அவிழ்க்கப்படாமல் மேசைமேல் இருந்தது. கிளாவ்தியா எகோரொவ்னா நாற்காலியில் சாய்ந்து அவன் முதுகையே பார்த்துக்கொண்டிருந்தாள். இந்த வித்தை அவளுக்கு அத்துப்படி. பாதியை அவளே உடனிருந்து மெருகேற்றியிருக்கிறாள்.

அவள் புருஷன் இன்னகேந்தி லெனின்கிராட்டில் பாலம் கட்டும் இலாகாவில் பொறியாளர். வேலை நேரம் போக மற்ற நேரமெல்லாம் படப் பைத்தியம். புரட்சியை ஒட்டிய வருஷங்களில் வட்டமும் சதுரமுமாக வரைந்து தள்ளி, பிறகு மேலிடத்துக்குப் பிடிக்காமல் போய், பேர் தெரியாமல் செத்தார்களே, அந்த ஓவியர்களின் படங்கள்தான் அவர் குறி. அவையெல்லாம் அந்த ஓவியர்களுடைய விதவைகளின் கட்டிலுக்கு அடியில் கிடந்தன. ஒருத்தி வீட்டில் ஊறுகாய்ப் பீப்பாய்க்கு மூடியாகவே ஒன்று இருந்தது.

முதல் தடவை போகும்போது இன்னகேந்தி படத்தின் பக்கம் திரும்பக்கூட மாட்டார். கையில் கேக் இருக்கும், அவ்வளவுதான். அடுத்த தடவை ஒழுகும் குழாயையோ மூடாத ஜன்னலையோ சரிசெய்து தருவார். அதற்கடுத்து செத்துப்போனவரைப் பற்றி விசாரிப்பார். அன்றைக்குக் கிளாவ்தியாவையும் கூட்டிப்போவார், விதவை அழும்போது சேர்ந்து அழ ஓர் ஆள் வேண்டுமே. அவளுக்கு அழுகை சுலபமாக வரும். எல்லாம் பழுத்த பிறகுதான் அந்த வார்த்தை. படம் சேர்க்கிறவர்கள் யாரும் படத்தை வாங்குவதாகச் சொல்வதில்லை. 'காப்பாற்றுகிறோம்' என்பார்கள். தண்ணீரில் குதித்துக் குழந்தையைத் தூக்கி வந்த மாதிரி முகத்தை வேறு வைத்துக்கொள்வார்கள்.

இன்னகேந்தி செத்ததும் அருங்காட்சியகத்துக்காரர்கள் வந்தார்கள். அவர்களும் காப்பாற்றத்தான் வந்தார்கள். அவர் சேர்த்த படங்களை லாரியில் ஏற்றிக் கொண்டுபோய்க் கிடங்கில் போட்டுப் பூட்டினார்கள். சமையலறையில் மாட்டியிருந்த ஒன்றை மட்டும் கிளாவ்தியா விடவில்லை. சாம்பல் பூச்சின் நடுவே பெரிய சிவப்பு வட்டம். தக்காளி என்றுதான் அதைச் சொல்வாள். அதன்மேல் பிரியம் என்றெல்லாம் இல்லை. கழற்றினால் சுவரில் அந்த இடம் மட்டும் வெளுத்துத் தெரியும், அவ்வளவுதான்.

படங்களோடு மனிதர்களும் போய்விட்டார்கள். ஒரு காலத்தில் ஞாயிற்றுக்கிழமை என்றால் நடையில் செருப்பு வைக்க இடமிருக்காது. இப்போது ஈ காக்கா கூட எட்டிப் பார்ப்பதில்லை. இந்தக் குளிர்காலத்தில்தான் ரொடியோன் வர ஆரம்பித்தான். பல் டாக்டர், நல்ல பேச்சுக்காரன், அவனும் படம் சேர்க்கிறவன். இன்றைக்கு அந்த வார்த்தையைச் சொல்லிவிடுவான் என்று அவளுக்குத் தெரியும். படம் போவதில் அவளுக்கு ஒரு வருத்தமும் இல்லை. அதோடு இவன் வரவும் நின்றுவிடுமே என்பதுதான் கவலை.

"வாஷர் தேஞ்சுபோச்சு, கிளாவ்தியா எகோரொவ்னா. புதுசு போட்டுட்டேன். இனிமே சொட்டாது."

"சொட்டினா என்ன இப்ப? வீட்ல அது ஒண்ணுதான் பேசிக்கிட்டிருந்துச்சு."

அவன் சிரித்துக்கொண்டே கையைத் துடைத்து உட்கார்ந்தான். அவள் டீயை ஊற்றி, செர்ரி ஜாமை அவன் பக்கம் தள்ளினாள்.

"உங்க வீட்டுக்காரர் சின்ன வயசுல எப்படி இருப்பாரு?"

"அழ வெக்கப் பாக்கறியா? அதுக்குக் கூடவே ஒரு பொம்பளையக் கூட்டிட்டு வரணும்டா."

"என்ன சொல்றீங்க?"

"ஒண்ணுமில்ல. ஜாமைப் போட்டுக்கோ."

அவன் ஜாமை நக்கியபடி, அப்போதுதான் கண்ணில் பட்டதுபோலத் தலையைத் தூக்கிப் பார்த்தான். எழுந்து கிட்டே போனான். மூச்சை இழுத்துவிட்டான்.

"ஓரமெல்லாம் பெயிண்ட் உதிருது பாருங்க. இப்படியே விட்டா ரொம்ப நாள் தாங்காது. நான் இதைக் காப்பாத்தறேன்."

"யார்கிட்டேருந்து?"

"காலத்துக்கிட்டேருந்து."

"முட்டைக்கோஸ் சூப்புக்கிட்டேருந்துன்னு சொல்லு. அதுலயாவது உண்மை இருக்கு. தினம் அதோட ஆவிதான் அது மேல அடிக்குது."

கிளாவ்தியா கண்ணை மூடிக்கொண்டாள். இழுத்தடிக்கலாம். ஃபைனா என்ற விதவை அப்படித்தான் செய்தாள். மனசு வரவில்லை, மனசு வரவில்லை என்று சொல்லிச் சொல்லியே ஒரு குளிர்காலம் முழுக்க இவர்களை அலையவிட்டு, கொண்டுபோன கேக்கையெல்லாம் தின்றாள். பேராசைக்காரி என்று அன்றைக்கு வழியெல்லாம் திட்டிக்கொண்டு வந்தார்கள். ஃபைனாவுக்கு எது வேண்டியிருந்தது என்று இப்போதல்லவா தெரிகிறது. ஆனால் நடிக்கிறவனை வாராவாரம் எதிரே உட்காரவைத்துப் பார்க்கவும் தெம்பு வேண்டும். அது அவளிடம் இல்லை.

"எடுத்துக்கோ, ரொடியோன்."

அவன் முகம் அப்படியே மலர்ந்தது. குனிந்து அவள் கையில் முத்தமிட்டான்.

"அடுத்த ஞாயித்துக்கிழமையே வர்றேன். அடிக்கடி வந்து பாப்பேன்."

"வர மாட்ட."

"சத்தியமா வருவேன், கிளாவ்தியா எகோரொவ்னா."

"படத்தைக் கக்கத்துல வெச்சுக்கிட்டு நாங்களும் இதையேதான் சொன்னோம். ஒவ்வொரு வீட்டு வாசல்லயும். ஃபைனா ஞாயித்துக்கிழமை ஆனா ஆப்பிள் ரொட்டி சுட்டு வெச்சுட்டு ஜன்னல்லயே நிப்பாளாம். அவ செத்தப்பறம் அக்கம்பக்கத்துல சொன்னாங்க. நாங்க ஒரு வீட்டுக்கும் திரும்பிப் போகல. அதனால பொய் சொல்லாத. இன்னொரு டீ ஊத்தறேன். அதைக் குடிச்சு முடிக்கிற வரைக்கும் உக்காரு. அப்புறம் கழட்டிக்கோ."

அவன் உட்கார்ந்தான். கிளாவ்தியா தண்ணீரை மறுபடி கொதிக்கவைத்து, கண்ணாடித் தம்ளர் நிறைய, விளிம்புவரை டீ ஊற்றினாள். அது ஆற நேரமாகும். அதற்குள் இன்னகேந்தியின் சின்ன வயசைப் பற்றிச் சொல்லலாம் என்று வாயெடுத்தாள். அவன் ஊதக்கூட இல்லை. கொதிக்கக் கொதிக்க வாயில் ஊற்றிக்கொண்டு, வெந்த நாக்கை உள்ளேயே வைத்துச் சமாளித்தபடி, படத்தைக் கழற்ற எழுந்தான்.