உயர்த்திய உள்ளங்கை

1

கோபத்தில்தான் இதை எழுத உட்கார்ந்தேன். அதை முதலிலேயே சொல்லிவிடுவது முறை. என் பள்ளித்தோழி நதியா, சின்ன காஞ்சிபுரத்துக்காரி, ஆவணப்பட ஒளிப்பதிவாளர். காடு, பனி, பாலை, எளிதில் எட்ட முடியாத மலைக்கிராமங்கள் என்று கேமராவோடு சுற்றுகிறவள். அவள் கடைசியாக எடுத்த படத்தை நேற்று அவள் வீட்டில் இருவருமாகப் பார்த்தோம்.

தொடக்கம்: ‘பனி மூடிய மலையின் மடியில், காலம் மறந்துபோன ஒரு கிராமத்தில்...’

(எழுதியதை அடித்துவிட்டேன். படத்தின் பின்னணிக் குரலும் இப்படித்தான் பேசியது. அந்தக் கிராமத்துப் பெட்டிக்கடையில்தான் நதியா தன் போனுக்கு ரீசார்ஜ் செய்துகொண்டாளாம்.)

2

நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன். அந்த ஊரில் ஒரு வீட்டு வாசலை அவள் படம் எடுத்துக்கொண்டிருந்தாள். உள்ளே குழந்தை இறந்து கிடப்பது அப்போது அவளுக்குத் தெரியாது. தாய் வெளியே வந்தாள். வேண்டாம் என்று உள்ளங்கையை உயர்த்தினாள்.

நதியாவுக்கு ஒரு வழக்கம் உண்டு. யார் கை உயர்த்தினாலும் காரணம் கேட்காமல் கேமராவைத் தரையை நோக்கிச் சாய்த்துவிடுவாள். அன்றும் சாய்த்தாள். இதைப் படத்தில் சேர்க்கக் கூடாது என்று இயக்குநர் கலைவாணனிடம் அங்கேயே சொன்னாள். அவரும் சரி என்றார்.

படத்தில் அந்தக் கை வருகிறது. மெதுவாக, புல்லாங்குழலோடு. கேமரா தரைக்குச் சாயும் இடத்தை வெட்டிவிட்டு மேகத்தை ஒட்டியிருக்கிறார்கள். குரல் சொல்கிறது: ‘வந்தவர்களை ஆசீர்வதிக்கிறாள் இந்தத் தாய்.’

பிள்ளையைப் பறிகொடுத்தவள் ‘வேண்டாம்’ என்கிறாள். அதைக்கூட நமக்கு வரமாக எழுதிக்கொள்கிற நெஞ்சழுத்தத்தை என்னவென்று சொல்வது?

3

நதியா கலைவாணனுக்கு போன் போட்டு, அந்தக் காட்சியை எடுத்துவிடச் சொன்னாள்.

“யாருக்கும்மா தெரியப் போவுது? அவங்க வந்து பாக்கவா போறாங்க?”

“எனக்குத் தெரியுமே சார்.”

நாளை எங்கள் காஞ்சிபுரத்தை ஒட்டிய ஏனாத்தூரில் ஒரு கல்லூரி அரங்கில் திரையிடல். மண்ணின் மகள் என்று மேடையில் நதியாவுக்குப் பட்டுச் சால்வை போர்த்துகிறார்கள். வாயைத் திறந்தால் அடுத்த படம் கிடையாது, பழையபடி புடவைக் கடைகளுக்கு ரீல்ஸ் எடுக்க வேண்டியதுதான் என்பதையும் கலைவாணன் நயமாகச் சொல்லிவைத்தார்.

4

முடிவு அ: மைக்கை வாங்கி எல்லாவற்றையும் போட்டு உடைக்கிறாள். அரங்கமே எழுந்து நின்று... (இது என் ஆசை. கைதட்ட ஆள் வைக்க நான் யார்?)

முடிவு ஆ: சால்வையை வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்து தனியாக அழு

(இல்லை. அவள் அழுவாள் என்று எனக்கு யார் சொன்னது? நானும் பின்னணிக் குரல்தான் கொடுத்துக்கொண்டிருக்கிறேன்.)

5

இதுவரை எழுதியதை அவளிடமே படித்துக் காட்டினேன். பக்கத்து வீட்டில் தறி ஓடிக்கொண்டிருந்ததால் உரக்கப் படிக்க வேண்டியிருந்தது. ரீசார்ஜ் இடத்தில் சிரித்தாள். அங்கே எல்லார் கையிலும் தன்னுடையதைவிடப் பெரிய போன் என்றாள். முடிவுகள் வந்ததும் முகம் மாறிவிட்டது.

“நாளைக்கு நான் என்னா பண்ணுவேன்னு எனக்கே தெரியலப்பா. நீ அதுக்குள்ள எழுதிக்கினு இருக்கிற.”

இன்னும் ஒரே ஒரு முடிவு இருக்கிறது, கேள் என்று தாளைத் திருப்பினேன்.

நதியா உள்ளங்கையை உயர்த்தினாள்.

நானும் பேனாவைத் தரையை நோக்கிச் சாய்த்துவிடுகிறேன். நாளை அந்த அரங்கில் உட்காரப் போகிறவர்கள் நீங்கள். அந்த இடம் வரும்போது புல்லாங்குழல் கேட்கும். அது ஆசீர்வாதம் இல்லை என்பது இப்போது உங்களுக்கும் தெரியும்.