லயத்துக்கு வந்த டீம் மேனேஜர்

மழை விட்டதும் தங்கையா ஆபீசிலிருந்து இறங்கி, தேயிலை ஆலையைச் சுற்றிக்கொண்டு, தொழிலாளர் வீட்டு வரிசையான லயத்துக்குப் போகும் பாதையில் நடந்தார். போன மாதம் கொடுத்த கறுப்பு ஜாக்கெட்டின் மார்பில் 'டீம் மேனேஜர்' என்று தைத்திருந்தது. அணியின் ஆட்டக்காரன் தினேஸ்வரனிடம் சொல்ல வேண்டியதை வாய்க்குள் ஒருமுறை சொல்லிப் பார்த்தார். ஒரே வரிதான்.

முதல் லயத்தின் முனையில் மாரியம்மா காயாத துணிகளைக் கொடியிலிருந்து உருவிக்கொண்டிருந்தாள்.

"மேனேஜரான பெறகும் நடந்தா வர்றீங்க? தோட்டத்துத் துரைகிட்ட ஓட்டிட்டு வர ஒரு கெரெத்தா கேக்க வேண்டியதுதான லா."

"தினேசப் பாக்கணும்."

அவள் முகம் மலர்ந்தது. துணியைத் தோளில் போட்டுக்கொண்டு பக்கத்து வீட்டுக் கதவைத் தட்டப் போனாள். அப்போதுதான் தங்கையாவுக்கு உறைத்தது. இந்தத் தோட்டத்தில் கால்பந்து சம்பந்தமாக அவர் ஓர் ஆட்டக்காரன் வீட்டுப் படியேறுவது ஒரே காரியத்துக்குத்தான். புது கேப்டன் யாரென்று அவன் வீட்டார் முன்னால் சொல்வதற்கு. நீக்கப்படுகிறவனுக்கு யாரும் எதுவும் சொல்வதில்லை. சீசன் தொடங்குமுன் முனியாண்டி கோயிலில் அணிச் சட்டைகளை வைத்துப் பூசை செய்து, பெயர் கூப்பிட்டுக் கொடுப்பார்கள். பெயர் வராதவன் விபூதி பூசிக்கொண்டு பேசாமல் வீட்டுக்குப் போய்விடுவான். அப்படி எத்தனையோ பேரை அவர் அனுப்பியிருக்கிறார். தினேஸ்வரனுக்கு மட்டும் நேரில் சொல்வதுதான் மரியாதை என்று பட்டது. லயம் அதை என்னவென்று எடுத்துக்கொள்ளும் என்று யோசித்திருக்கவில்லை.

அவரும் பந்தால் வீடு பெற்றவர்தான். கம்போங் ராஜாவில் லோரியில் முட்டைக்கோஸ் ஏற்றிக்கொண்டிருந்தவரைக் கோல் காக்க அழைத்து வந்து, ஆலையில் வேலை கொடுத்தார் பழைய துரை. கைவிரல்கள் உடைந்தபின் பயிற்சியாளரானார். நடுவில் ஒரு சீசன் குவாந்தானில் இளையோர் அணிக்கு உதவியாளராகப் போனார். அணி தோற்றதும் திருப்பி அனுப்பிவிட்டார்கள். ஏற்பாடு இன்றைக்கும் அதேதான். அணியில் இருப்பவனுக்கு ஆலைக்குள் வேலை. இல்லாதவன் மலைச்சரிவில் கொழுந்து வெட்டும் மிஷினைத் தூக்க வேண்டும். சரிவில் நிற்க முடியாதவனுக்கு வேலை இல்லை. வேலை இல்லாதவனுக்கு லயத்தில் வீடும் இல்லை.

போன வருடம் தானா ராத்தாவில் நடந்த இறுதி ஆட்டத்தில், தினேஸ்வரன் முழங்காலைப் பிடித்தபடி கோட்டோரம் வந்து, வேறு ஆளை இறக்கச் சொல்லிக் கையைச் சுழற்றினான். தங்கையா முடியாதென்று தலையசைத்து மைதானத்தைக் கையால் காட்டினார். அவன் திரும்பப் போனான். கோப்பை கிடைத்தது. கோப்பைக்காக இந்த ஜாக்கெட் கிடைத்தது. இந்த வருட அணியை அவர்தான் தேர்ந்தெடுத்தார்; துரை ஒரு பெயரைக்கூடச் சொல்லவில்லை. தொழிலாளர் விடுதியில் இருக்கும் நேபாளப் பையன் தினேஸ்வரனைவிட வேகமாக ஓடினான். எந்தப் பயிற்சியாளரும் அவனைத்தான் எடுப்பார். அதை நினைத்துக்கொண்டேதான் நடந்தார்.

அவர் போய்ச் சேருமுன் வரிசையில் எல்லாக் கதவுகளும் திறந்திருந்தன. பக்கத்து வீட்டுக் கருப்பையா கைலியை மடித்துக் கட்டிக்கொண்டு முன்னால் வந்தார்.

"தினேசு கேப்டன்னா கோழி. உங்க பழைய கோச்சு வேலையே அவனுக்குன்னா ஆடு. எத அறுக்கறது, சொல்லுங்க மேனேஜரே."

வாசலில் தினேஸ்வரனின் மனைவி குமுதா ஆரத்தித் தட்டோடு நின்றாள். அவசரத்தில் கரைத்த குங்குமம் விளிம்பில் திட்டுத்திட்டாக ஒட்டியிருந்தது.

"வாங்க மாமா. காலையிலேருந்து வலது கண்ணு துடிக்குதுன்னாரு இவரு."

அவள் தட்டைச் சுற்றினாள். தடுக்க வேண்டிய நேரம் அதுதான். தங்கையா நெற்றியைக் காட்டினார். அவள் பொட்டு வைத்தாள். தினேஸ்வரன் ஆலைச் சட்டையோடு பின்னால் வந்து நின்றான். புருவத்தில் தேயிலைத் தூள்.

"வெளிய வா தினேசு. தனியா பேசணும்."

"இங்கயே சொல்லுங்க கோச். எல்லாரும் கேக்கட்டும்."

"முட்டி எப்பிடி இருக்கு?"

"சரியாப் போச்சு."

தங்கையா அவன் முகத்தை விட்டுத் தட்டில் எரிந்த கற்பூரத்தைப் பார்த்தார்.

"இந்த சீசன் ஒனக்கு சட்டை இல்லப்பா. நானே வந்து சொல்லணும்னு தோணுச்சு."

கருப்பையா கைலியை இறக்கிவிட்டுக்கொண்டு உள்ளே போனார். அவர் கதவு மூடிய பிறகு மற்றவையும் ஒவ்வொன்றாக மூடின. மாரியம்மா மட்டும் சற்று நேரம் நின்றிருந்தாள். பிறகு அவளும் போனாள்.

தினேஸ்வரன் கோபப்படவில்லை. "நீங்க இன்னும் பாக்கலியே கோச்" என்று சொல்லி, கைகளை முன்னால் நீட்டி, குந்தி உட்கார்ந்து எழுந்தான். எழும்போது வலது கை சுவரைத் தேடிப் போய்ப் பாதியில் திரும்பியது. மறுபடி உட்கார்ந்தான். முட்டிக்குள் ஏதோ நெரிபடும் சத்தம் மூன்று பேருக்கும் கேட்டது.

"அன்னிக்கி போன்னு கைய காட்டுனீங்க, போனேன். இப்பவும் காட்டுங்க. ஃபீல்டு வரைக்கும் ஓடிக் காட்டுறேன்."

"போதும்ங்க" என்றாள் குமுதா.

அவன் நிறுத்தவில்லை. கற்பூரம் அணைந்துவிட்டது. ஆரத்தித் தண்ணீரை வாசலில்தான் கொட்ட வேண்டும். கொட்ட வேண்டிய இடத்தில் தங்கையா நின்றிருந்தார். அவர் நகரட்டும் என்று குமுதா தட்டோடு காத்திருந்தாள். அவளுக்குப் பின்னால் தினேஸ்வரன் உட்கார்ந்து எழுந்துகொண்டிருந்தான்.