மேடு நகர்ந்த வழக்கு

தாயம்மா ஸ்டேஷன் பெஞ்சின் ஓரத்தில், பாதி உட்கார்ந்தும் பாதி எழுந்தும் இருந்தாள். வெள்ளிக்கிழமை மகள் ராணிக்குப் பரிசம். பங்காருபேட்டை மாப்பிள்ளை வீட்டுக்காரர்கள் வருகிற நேரத்தில் அவள் லாக்கப்பில் இருந்தால் தட்டைத் திருப்பி எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள்.

அவளை உள்ளே தள்ள வந்திருந்தவர் சின்னசாமி. மைன்ஸில் டைம்கீப்பராக இருந்து ரிட்டையர் ஆனவர். அவர் பேனாவை ஒரு இழுப்பு இழுத்தால் ஒருத்தனுக்கு அரை ஷிஃப்ட் கூலி போச்சு. முப்பது வருஷம் அப்படி இழுத்த கை, ஸ்டேஷனில் ஒரு புகார்ச் சீட்டைக் கொடுத்தாலும் அதே வேகத்தில் வேலை நடக்கும் என்று நம்பியது. சீட்டுக்குத் துணையாகக் கோட்டும் மாட்டிக்கொண்டு வந்திருந்தார்.

"நானூத்தி இருபது போடுங்க. நெலத்த விக்கறேன்னு முன்பணம் வாங்கி என்னை ஏமாத்திட்டா."

ஹெட் கான்ஸ்டபிள் முனிரத்தினம் அக்ரிமென்டை மெதுவாகப் படித்தார். பித்தான் அறுந்த சட்டையில் ஊக்கு குத்தியிருந்தது. முடித்துவிட்டு மறுபடியும் முதலிலிருந்து படித்தார்.

"நெலத்த நேர்ல பாத்தீங்களா சார்?"

"பாக்காம வாங்குவனா? சித்திரையில நானே டேப்பு வெச்சி அளந்தேன். அகலம் அறுவது அடி. இப்ப நாப்பத்தொம்போது."

"மீதி பதினோரு அடிய இந்தம்மா முந்தானையில முடிஞ்சிக்கினு போச்சா?"

தாயம்மா தரையைப் பார்த்தாள். சிரிக்கிற இடம் இதுவல்ல.

"கெழக்கால எல்லை இன்னா எழுதியிருக்குது?"

"மேட்டு அடிவாரம்," என்றார் சின்னசாமி. "டிராஃப்ட் என்னோடதுதான்."

தங்கத்தைப் பிரித்தெடுத்த பிறகு மிஞ்சிய சுரங்கத்து மண்ணைக் கொட்டிக் கொட்டி மலையாக்கிய சயனைட் மேடு அது. ஸ்கெலட்டன் என்கிற அந்தச் சுரங்கக் குடியிருப்பில் பிறந்தவர்களுக்கு அதுதான் திசை, அதுதான் அடையாளம். வழி கேட்டால் மேட்டுக்கு இந்தப் பக்கம், அந்தப் பக்கம் என்பார்கள். அதை எல்லையாக எழுத அவரும் தயங்கவில்லை, கைநாட்டு வைக்க அவளும் தயங்கவில்லை. ஐப்பசி மழையில் மேடு கரைந்து நிலத்துக்குள் காலை நீட்டிக்கொண்டது.

"மேடு எறங்கும்னு அவளுக்குத் தெரிஞ்சிருக்கணும்."

"உங்களுக்கு?"

சின்னசாமி கோட்டின் காலரைச் சரிசெய்தார்.

"சார், முன்பணம் வாங்கற அன்னிக்கே ஏமாத்தற எண்ணம் இருந்திருந்தா அது போலீஸ் கேஸு. இவங்க இருக்கறத காட்டினாங்க, நீங்க அளந்தீங்க. அப்புறம் வந்த தகராறு சிவில். கோர்ட்டுக்குப் போங்க."

"அப்ப ஸ்டேஷன் எதுக்கு?"

"திருடனப் புடிக்க. மேட்டுக்கு மாட்ட எங்கிட்ட வெலங்கு இல்ல."

"இன்ஸ்பெக்டரைப் பார்ப்பேன்."

"பாருங்க. அவருக்கும் இதையே எழுதி வெக்கிறேன்."

எழுதினார். எழுதியதை சின்னசாமியிடம் நீட்டவில்லை. படிக்கத் தெரியாத தாயம்மாவுக்கு ஒவ்வொரு வரியாகப் படித்துக் காட்டினார். கைது செய்ய முகாந்திரம் இல்லை என்ற இடத்தில் நிறுத்தி, "புரிஞ்சுதாம்மா?" என்று கேட்டார். அதிகாரி ஒருத்தர் தன்னிடம் அப்படிக் கேட்டதாக அவளுக்கு நினைவில்லை. ஊக்கு குத்திய சட்டை அவள் கண்ணுக்குக் கலெக்டர் சட்டையாகத் தெரிந்தது.

"ஜெயிச்சிட்டதா நெனச்சிக்காதீங்க. கோர்ட்டு நோட்டீஸ் வந்தா போயி நிக்கணும். இந்த அக்ரிமென்ட மறைச்சி இதே நெலத்துக்கு இன்னொருத்தருகிட்ட பணம் வாங்கினா, அப்ப நானே வீட்டுக்கு வருவேன்."

"நான் ஏங்க அப்படிச் செய்யறேன்?" தாயம்மா எழுந்து சின்னசாமி பக்கம் திரும்பினாள். "ஐயா, இருக்கறத அளந்து எழுதிக்கோங்க. பதினோரு அடிக்கு உண்டானத கழிச்சிடுங்க. கோர்ட்டுதான்னா கோர்ட்டுக்கும் வரேன். வெள்ளிக்கெழம மட்டும் வேணாம், பொண்ணுக்குப் பரிசம்."

சின்னசாமி அவளையும் பார்த்தார், மேசைமேல் கிடந்த தன் சீட்டையும் பார்த்தார். வேர்த்தது. கோட்டைக் கழற்றிக் கையில் போட்டுக்கொண்டார்.

"இந்த வாட்டி நாலு பக்கமும் கல்லு நட்டு எழுதுங்க சார்," என்றார் முனிரத்தினம். "ரிஜிஸ்டர் ஆபீஸுக்கு எதிர்ல பத்திரம் எழுதறவங்க இருக்காங்க. நீங்க எழுதாதீங்க."

"புதன்கிழமை நெலத்துக்கு வா, அளந்து கல்லு நடலாம். எட்டு மணிக்கு," என்றார் சின்னசாமி, டைம் ஆபீஸ் குரலில்.

தாயம்மா விரல்விட்டு எண்ணிப் பார்த்தாள். புதனுக்கும் வெள்ளிக்கும் நடுவில் ஒரு நாள் மிச்சம் இருந்தது. பலகாரத்துக்கு அரிசி ஊறவைக்கப் போதும்.